கறையானுக்குத் தப்பிய பதிகம்

குறையுடைய உறுப்புகளை மட்டுமே கொண்டு நம்பத்தகுந்த முழுமை ஒன்றை அமைக்க இயலுமா என்ற கேள்வி, கணினி பிறந்த காலத்திலேயே எழுந்தது. ஹங்கேரியில் பிறந்து அமெரிக்காவில் பணியாற்றிய கணிதவியலாளர் ஜான் வான் நாய்மான், 1952-இல் கலிபோர்னியாவில் ஆற்றிய சொற்பொழிவுகளில் இதனை ஆராய்ந்தார். 1956-இல் அச்சில் வந்த அந்த ஆய்வு, எந்த உறுப்பும் எப்போதாவது தவறும் என்பதை முன்கூட்டியே ஒப்புக்கொண்டு, ஒரே வேலையைப் பல உறுப்புகளிடம் ஒப்படைத்து, அவை தரும் விடைகளுள் பெரும்பான்மையானதை ஏற்றுக்கொண்டால், தனி உறுப்பின் தவறு ஓர் எல்லையைத் தாண்டாதவரை முழுமையின் தவறைக் கட்டுக்குள் வைக்கலாம் என்று காட்டியது. உள்ளுறுப்பு பழுதுபட்டாலும் தன் பணியை விடாமல் செய்யும் இத்தகைய அமைப்பின் இயல்பைப் பிழைபொறுதி என்று சொல்லலாம். இது பொறியியலின் கேள்வியாகத் தோன்றினாலும் சமயங்கள் இதனை நெடுங்காலத்துக்கு முன்பே எதிர்கொண்டுள்ளன. ஏனெனில் தன் திருவாக்கு அழியாதது என்று நம்பும் எந்தச் சமயமும், அந்த வாக்கை அழியக்கூடிய ஓலையிடமும் மறக்கக்கூடிய மனிதரிடமும்தான் ஒப்படைத்தாக வேண்டியிருக்கிறது.

கள்ளக்குறிச்சி மாவட்டத்தின் நைனார்பாளையத்தில் நின்று பார்த்தால், தமிழ்ப் பக்தி மரபு இந்தக் கேள்விக்குக் கண்ட விடைகள் உருவான இடங்கள் அதிகத் தொலைவில் இல்லை என்பது புலப்படும். வடமேற்கே கல்வராயன் மலை எழுந்து நிற்க, வடகிழக்கே, 2019-இல் விழுப்புரத்திலிருந்து பிரிந்த இதே மாவட்டத்துக்குள், பெண்ணையாற்றங்கரையில் திருக்கோவலூர் அமைந்திருக்கிறது. தென்கிழக்கே காட்டுமன்னார்கோயிலும் அதற்கப்பால் சிதம்பரமும் உள்ளன. பாசுரங்களும் பதிகங்களும் தோன்றி, மறைந்து, மீண்டும் கிடைத்த வரலாற்றின் முக்கியக் கட்டங்களை மரபு இவ்வூர்களில்தான் வைத்துச் சொல்கிறது.

பொய்கையாழ்வார், பூதத்தாழ்வார், பேயாழ்வார் ஆகிய மூவரும் மழை பெய்த ஓர் இரவில் திருக்கோவலூரின் சிறு இடைகழி ஒன்றில் ஒதுங்கி நின்றபோது, நான்காவதாக ஒருவர் வந்து நெருக்குவதை உணர்ந்து, அவர் திருமால் என அறிந்து ஆளுக்கொரு நூறு வெண்பாவாகப் பாடினர் என்பது வைணவ மரபு. அவை மூன்றும் அந்தாதிகள்: ஒரு பாட்டின் இறுதியில் நின்ற அசையோ சொல்லோ தொடரோ அடுத்த பாட்டின் முதலாக வரும்படி தொடுக்கப்பட்டவை. அந்தாதியை நினைவுக்கு உதவும் அணி என்று விளக்குவதே வழக்கம். அது உண்மையே எனினும் போதிய விளக்கமாகாது. நூறு பாடல்களும் தனித்தனியே நின்றிருந்தால், நடுவில் ஒன்று விழுந்துவிட்டாலும் எஞ்சிய தொண்ணூற்றொன்பதும் முழுமைபோலவே காட்சியளிக்கும். பாடுவோருக்கும் கேட்போருக்கும் இழப்பு தெரியாது. அந்தாதியில் அப்படி நேர்ந்தால் முன்பாட்டின் ஈறும் பின்பாட்டின் முதலும் ஒட்டாமல் நின்று, இங்கே ஒன்று குறைகிறது என்பதைத் தாமே அறிவித்துவிடும். வெள்ளிக்கிழமைகளில் அம்மன் சந்நிதியில் அபிராமி அந்தாதி பாடும் பெண்களைக் கவனித்தால் இது செயற்படும் விதம் விளங்கும்: முன்னின்று பாடுபவர் அடுத்த பாடல் நினைவுக்கு வராமல் தடுமாறும்போது, முடிந்த பாட்டின் கடைச்சொல்லைப் பின்னாலிருக்கும் ஒருவர் திரும்பச் சொல்லுகிறார், அந்தச் சொல்லைப் பற்றிக்கொண்டு கூட்டம் முழுவதும் அடுத்த பாட்டுக்குள் நுழைந்துவிடுகிறது, யாரேனும் ஒரு பாட்டைத் தாவினால், மாறிய சொல் காதில் உரசித் தாவலைக் காட்டிக்கொடுக்கிறது.

இந்த வடிவத்தின் நுட்பம் அதன் முடிவில் இன்னும் தெளிவாக வெளிப்படுகிறது. வெறும் சங்கிலி நடுவில் அறுந்தால் தெரியுமேயன்றி, கடைசிக் கண்ணிகள் கழன்று போனால் தெரியாது. இறுதிப் பாட்டின் முடிவு முதற்பாட்டின் தொடக்கத்தோடு சென்று சேருமாறு மண்டலமாக முடிக்கும் வழக்கம் அக்குறையை நீக்குகிறது. வளையமாகிவிட்ட தொடரில் எந்த இடத்தில் எது விழுந்தாலும் இழப்பு மறையாது. கணினி வடிவமைப்பாளர்கள் மிகவும் அஞ்சுவது பழுதைக் காட்டிலும் மௌனப் பழுதை, அதாவது தவறான விடையைச் சரியான விடையின் தோற்றத்தோடு தந்துவிட்டு அமைப்பு இயல்பாக இயங்கிக்கொண்டிருப்பதை. தரவோடு சேர்த்து அதனைச் சரிபார்க்கும் எண்ணையும் அனுப்புவது, ஒவ்வொரு பதிவும் முந்தைய பதிவின் அடையாளத்தைத் தன்னுள் தாங்கி நிற்பது ஆகிய இன்றைய முறைகள் யாவும் அந்த மௌனத்தைக் கலைப்பதற்காக ஏற்பட்டவை. அந்தாதி பாடிய ஆழ்வார்கள் இத்தகைய நோக்கத்தோடுதான் பாடினர் என்று சொல்வதற்கில்லை. ஆனால் பாட்டின் வடிவமே அப்பணியைச் செய்யக்கூடும் என்பதற்கு வைணவ மரபே சான்று தருகிறது.

அந்தச் சான்று நாதமுனிகளின் வரலாற்றில் உள்ளது. காட்டுமன்னார்கோயிலில் வாழ்ந்த அவர், குடந்தைப் பெருமாளைப் பற்றிய நம்மாழ்வாரின் பத்துப் பாசுரங்களை யாத்திரிகர் சிலர் பாடக் கேட்டார். திருவாய்மொழியின் பதிகங்களில் இறுதிப் பாசுரம் பாடியவரின் பெயரையும், இப்பத்தும் ஆயிரத்தைச் சேர்ந்தவை என்ற செய்தியையும் தாங்கி வருவது இயல்பு. பாடியவர்களுக்கு அந்தப் பத்துக்குமேல் ஒன்றும் தெரியாது. ஆயினும், எஞ்சியவை எங்கோ உள்ளன அல்லது இருந்தன என்பதை அந்தப் பத்தே சொல்லிற்று. நாதமுனிகள் தேடிப் புறப்பட்டதற்குக் காரணம் அவருடைய பக்தி என்றால், எதைத் தேடுவது என்று அவருக்குக் காட்டியது அந்த இறுதிப் பாசுரம். தன் முழு அளவை ஒவ்வொரு துண்டிலும் பொறித்து வைத்த நூல், கடைசித் துண்டு எஞ்சும்வரை தன் இழப்பைத் தானே முறையிட்டுக்கொண்டிருக்கும். குருகூரில் மதுரகவியாழ்வாரின் வழிவந்த ஒருவர், அம்மதுரகவிகள் இயற்றிய பதினொரு பாசுரங்களை மட்டும் காத்து வைத்திருந்தார் என்றும், நாதமுனிகள் அவற்றைப் பன்னீராயிரம் முறை ஓதி நம்மாழ்வாரிடமிருந்து நாலாயிரத்தையும் பெற்றார் என்றும் அவ்வரலாறு தொடர்கிறது. அதன்பின் அவர் செய்த காரியம் தேடலுக்கு எவ்வகையிலும் குறைந்ததன்று: தம் மருமக்கள் இருவருக்கும் அவற்றை இசையோடு கற்பித்து, ஒருவரிடம் மட்டும் நின்றுவிடாமல் செய்தார்.

சைவத்தில் திருஞானசம்பந்தரின் பதிகங்கள் இதே பணியை வேறொரு வழியில் செய்கின்றன. பெரும்பாலான அவருடைய பதிகங்களில் எட்டாம் பாடல் இராவணனை அடக்கியதையும், ஒன்பதாம் பாடல் திருமாலும் அயனும் அடிமுடி தேடியதையும், பத்தாம் பாடல் சமண சாக்கியரையும் குறிக்க, பதினோராம் பாடலாகிய திருக்கடைக்காப்பு அவருடைய பெயரையும் ஊரையும் பதிகம் ஓதுவதன் பயனையும் கூறி முத்திரை இடுகிறது. ஆகவே இராவணனுக்கு முன் ஆறு பாடல்களே இருந்தால், முன்னுள்ள ஏழில் ஒன்று போயிற்று என்று உறுதியாகச் சொல்லிவிடலாம். தேவாரப் பதிப்புகளில் பாடல் எண் மட்டும் நின்று, செய்யுள் சிதைந்தது என்ற குறிப்போடு வெற்றிடம் விடப்பட்டிருப்பதைப் பல பக்கங்களில் காணலாம். அந்த வெற்றிடம் பெரும்பாலும் ஏழாம் எண்ணில் விழுகிறது. உண்மையில் இழந்தது ஏழாவதா, மூன்றாவதா என்பதைப் பதிக அமைப்பு சொல்வதில்லை. இழப்பைக் கண்டறிதல் வேறு, இழந்ததை மீட்டல் வேறு. வடிவம் முதலாவதைச் செய்யும், இரண்டாவதற்கு வேறோரிடத்தில் வேறொரு நகல் இருந்தாக வேண்டும்.

நகல் இல்லாமற் போவதன் கொடுமையைச் சிதம்பர வரலாற்றைப் போல் உணர்த்துவது தமிழில் வேறில்லை. உமாபதி சிவாச்சாரியார் பெயரால் வழங்கும் திருமுறைகண்ட புராணம் கூறும் செய்தி பரவலாக அறியப்பட்டது: தேவாரம் பாடிய மூவரின் ஏடுகள் தில்லையில் ஓர் அறைக்குள் பூட்டப்பட்டிருந்தன, பாடிய மூவரும் வந்தாலன்றித் திறவோம் என்று காவலர் கூற, சோழ மன்னன் அம்மூவரின் திருவுருவங்களை எழுந்தருளச் செய்து அறையைத் திறப்பித்தான், உள்ளே கறையான் புற்று மூடி ஏடுகள் அழிந்திருக்கக் கண்டு மன்னன் வருந்தியபோது, இக்காலத்துக்கு வேண்டியவற்றை மட்டும் வைத்து மற்றவற்றைச் செல்லரிக்கச் செய்தோம் என்ற பொருளில் அசரீரி எழுந்தது. நம்பியாண்டார் நம்பி எஞ்சியவற்றைத் தொகுத்தார்.

இந்த அசரீரி கடினமான ஒரு சமயக் கேள்வியை எழுப்புகிறது. இழப்பு இறைவன் திருவுளம் என்றால், பூட்டிய அறையும் பராமரிக்கப்படாத ஏடுகளும் குற்றமற்றவை ஆகிவிடுமா? 1981-இல் யாழ்ப்பாணப் பொது நூலகம் எரிக்கப்பட்டு, ஏறத்தாழ 97,000 நூல்களோடு வேறெங்கும் நகலில்லாத சுவடிகளும் சாம்பலானபோது, எவரும் அதனைத் திருவுளம் என்று சொல்லி அமைந்துவிடவில்லை, அமைந்திருக்கவும் கூடாது. புராணத்தை ஊன்றிப் படித்தால் அசரீரி யாருக்குச் சொல்லப்பட்டது என்பது முக்கியமாகிறது. அது காவலர்க்கு முன்கூட்டி அளித்த அனுமதி அன்று. இழப்பைக் கண்டு உடைந்து நின்றவனுக்கு, எஞ்சியதைக் கையிலெடுக்கும் ஆற்றல் வருவதற்காகப் பின்னர் வந்த தேறுதல். போனதைப் பற்றி அமைதி கொள்ளச் சொல்லும் அதே கதை, இருப்பதைப் பற்றி ஒரு நாளும் தாமதிக்கவில்லை: எண்ணெய் சொரிந்து புற்றைக் கரைத்து ஏடுகளை எடுத்தது, முறைப்படுத்தியது, பண் வகுத்தது என அடுத்தடுத்த செயல்களாகவே அது நகர்கிறது. இறந்தகாலத்தில் அருளைக் காண்பதும் எதிர்காலத்தில் கடமையைக் காண்பதும் ஒரே நம்பிக்கையின் இரு திசைகளே. இவ்விரண்டையும் இடம் மாற்றி வைப்பவர்தாம் சமயத்தின் பெயரால் அலட்சியத்தைக் காப்பாற்றுகின்றனர்.

வரலாற்றுச் சான்றுகள் இப்புராணத்துக்கு வேறொரு பின்னணியையும் தருகின்றன. அப்புராணத்தின் சோழ மன்னனாகப் பொதுவாகக் கருதப்படும் முதலாம் இராசராசனுக்கு முன்பே, மூன்றாம் நந்திவர்மன் காலத்துத் திருவல்லக் கல்வெட்டில் திருப்பதியம் பாடுவோர் குறிக்கப்படுகின்றனர். எனவே சிதம்பரத்து அறை பூட்டிக் கிடந்த காலத்திலும் கோயில்களில் வாய்களும் காதுகளும் பதிகங்களைத் தாங்கிவந்தன என்று கொள்ளலாம். 1917-இல் திருவிடைவாய் என்னும் தலத்தின் கல்வெட்டிலிருந்து, எந்த ஏட்டிலும் இல்லாத சம்பந்தர் பதிகம் ஒன்று முழுமையாகக் கிடைத்தது இதனினும் வியப்புக்குரியது. பத்து ஏடுகள் இருந்திருந்தாலும் கறையான் பத்தையும் தின்றிருக்கும். கல் பிழைத்ததற்குக் காரணம் அது இன்னொரு நகல் என்பதைவிட, வேறு வகையான நகல் என்பதே. இந்தப் பாடத்தைப் பொறியியல் பெரும் இழப்போடு கற்றது. 1996 சூன் 4 அன்று புறப்பட்ட அரியான் 5 ஏவுகலத்தில் திசையறியும் கருவி ஒன்று பழுதானால் மற்றொன்று பொறுப்பேற்கும்படி இரண்டு வைக்கப்பட்டிருந்தன. இரண்டிலும் ஒரே நிரல் ஓடியதால், ஒரு பேரெண்ணைச் சிறிய இடத்துக்குள் அடக்க முயன்ற அதே கணக்கில் இரண்டும் அடுத்தடுத்து வீழ்ந்தன, புறப்பட்ட ஒரு நிமிடத்துக்குள் கலம் சிதறியது. ஒரே காரணத்தால் எல்லா நகல்களும் கெடுவதைப் பொதுக்காரணப் பழுது என்பர். அமெரிக்க விண்வெளி ஓடத்தில் நான்கு கணினிகள் ஒரே நிரலோடு இயங்க, ஐந்தாவதற்குத் தனிக் குழு ஒன்று தனியே எழுதிய நிரல் தரப்பட்டது இப்பழுதுக்கு அஞ்சியே.

பெரும்பான்மை வாக்கின் எல்லையும் இங்குதான் தென்படுகிறது. உ. வே. சாமிநாதையர் 1887-இல் சீவக சிந்தாமணியைப் பதிப்பித்தது போன்ற பணிகளில், பல சுவடிகளை ஒப்புநோக்கிப் பாடத்தைத் துணிவதே அடிப்படை முறை. எனினும் பத்துச் சுவடிகள் ஒரு பாடத்தையும் ஒன்று மட்டும் வேறு பாடத்தையும் காட்டும்போது, அந்தப் பத்தும் பிழைபட்ட ஒரே தாய்ச்சுவடியின் வழிவந்தவை என்றால் அவற்றின் வாக்கு ஒன்றுதான். சுவடிகளை எண்ணுவதற்கு முன் அவற்றின் கால்வழியை அறிய வேண்டும். இன்னும் சிக்கலானது, மறதியால் பிழைக்காமல், தன் புலமையால் திருத்தி எழுதும் படியெடுப்பவரின் நிலை. அவருடைய பிழை பொருள் நிரம்பியதாகவும் யாப்பு வழுவாததாகவும் இருப்பதால் கண்டுபிடிக்க அரிது. லெஸ்லி லாம்போர்ட்டும் அவருடைய இரு சகாக்களும் 1982-இல் பைசாந்தியத் தளபதிகளின் சிக்கல் என்று பெயரிட்டு ஆராய்ந்ததும் இத்தகைய நிலையையே: வாய்ச்செய்திகளை மட்டும் நம்பி உடன்பாடு காண வேண்டிய குழுவில், ஆளுக்கு ஆள் வேறு வேறு சொல்லும் ஒருவரைத் தாங்குவதற்கு மூவர் போதார், மொத்தம் நால்வர் வேண்டும். மௌனமாகிவிட்ட உறுப்பைத் தாங்குவதைவிடப் பொய் பேசும் உறுப்பைத் தாங்குவதற்கு அதிகப் பேர் தேவைப்படுகின்றனர் என்பது கணக்கால் நிறுவப்பட்ட உண்மை.

ஏடும் கல்லும் காத்ததை உயிரோடு வைத்திருந்தவர்கள் பாடியவர்கள். இராசராசனின் தாய் வானவன்மாதேவி, திருக்கோவலூரை ஆண்ட மலையமான் குடியில் பிறந்தவர் என்பதைத் திருக்கோவலூர் வீரட்டானத்துக் கல்வெட்டு கூறுகிறது. அம்மன்னன் தன் 29-ஆம் ஆட்சியாண்டில், ஏறத்தாழ 1014-இல், தஞ்சைப் பெரிய கோயிலில் திருப்பதியம் பாட 48 பேரையும், உடுக்கை, கொட்டிமத்தளம் வாசிக்க இருவரையும் அமர்த்தி, ஒவ்வொருவருக்கும் நாளொன்றுக்கு மூன்று குறுணி நெல் என வகுத்தான். அக்கல்வெட்டு பெயர்ப்பட்டியலோடு நின்றிருந்தால் அதுவும் ஒரு கொடைச்சாசனம் என்ற அளவில் அமைந்திருக்கும். அது அதற்குமேலும் செல்கிறது: இவர்களுள் இறந்தவர்க்கும் ஊர்விட்டுப் போனவர்க்கும் பதிலாக அவர்களுடைய அடுத்த முறையினர் அந்நெல்லைப் பெற்றுப் பாட வேண்டும், அடுத்த முறையினர் தாம் தகுதியற்றவராயின் தகுதியுள்ள ஒருவரைக் கொண்டு பாடுவிக்க வேண்டும், அத்தகைய உறவினர் எவரும் இல்லையெனில், எஞ்சிய பாடுவோரே கூடித் தகுதியுள்ளவரைத் தேர்ந்துகொள்ள வேண்டும், அவரும் முன்னவர் பெற்ற அதே நெல்லைப் பெறுவார்.

இந்த மூன்று படிகளையும் நிதானமாகப் படிப்பவர், ஆயிரம் ஆண்டுக்கு முற்பட்ட ஓர் அலுவலரின் தெளிவைக் கண்டு தலைவணங்காமல் இருக்க முடியாது. ஒருவர் இறப்பார், ஒருவர் ஓடிப்போவார், ஒருவருடைய மகனுக்குப் பாட வராது, ஒருவர் கால்வழியின்றிப் போவார் என்ற நான்கு பழுதுகளும் எவ்விதக் கசப்புமின்றி எதிர்பார்க்கப்பட்டு, ஒவ்வொன்றுக்கும் விடை முன்பே எழுதப்பட்டுள்ளது. பிறப்புரிமைக்கு முதலிடம் தந்தாலும் தகுதிக்கு முன் அது வழிவிடுகிறது; இறுதிப் படியில் அரண்மனையை நாடாமல், பிழைத்திருக்கும் உறுப்புகளே கூடி இழந்த உறுப்பை நிரப்பிக்கொள்கின்றன. இன்றைய சேவைக் கணினிக் கூட்டங்களில் தலைமைக் கணினி ஒன்று வீழ்ந்தால் எஞ்சியவை தமக்குள் வாக்களித்துப் புதிய தலைமையைத் தேர்ந்துகொள்ளும் ஏற்பாட்டுக்கு இதனோடு உள்ள ஒப்புமை மேலோட்டமானதன்று.

இத்தகைய ஏற்பாட்டின் பின்னே மனிதரைப் பற்றிய ஒரு கொள்கை உள்ளது; சைவ சித்தாந்தம் பின்னர் அதனை வகுத்துச் சொன்னது. செம்பில் களிம்பு போல ஆணவ மலம் உயிரை அநாதியே பற்றியுள்ளது என்றும், முத்தி நிலையிலும் மலம் அடியோடு இல்லாமற் போவதில்லை, அதன் சக்தி மட்டுமே திருவருளால் மடங்கி நிற்கிறது என்றும் சித்தாந்திகள் கூறுவர். குறை இருந்தும் குறையின் விளைவு தலையெடுக்காமல் நிற்றல் என்ற இந்தக் கருத்து, பிழைபொறுதியின் இலக்கணத்துக்கு வெகு அருகில் நிற்கிறது. ஆனால் ஓர் எல்லையை மறக்கலாகாது. சித்தாந்தத்தில் மலத்தை மடக்குவது அருள், அது உயிரை அறிந்து, நேசித்து, அதன் பக்குவத்துக்காகக் காத்திருப்பது. இயந்திர ஏற்பாடு எவரையும் அறியாது, அது எதிர்பார்க்கப்பட்ட பழுதை மட்டுமே பொறுக்கும். எதிர்பாராத பழுது வரும்போது அதன் சுமை அமைப்பின் விளிம்பில் நிற்கும் மனிதர்மீது இறங்கிவிடுகிறது. ஆகவே, ஓர் அமைப்பு எத்தனை பழுதைத் தாங்கும் என்பதோடு, தாங்காதபோது அந்தப் பழுதை யார் சுமப்பார் என்பதும் கேட்கப்பட வேண்டும். இரண்டாவது முழுக்க அறத்தின் கேள்வி.

நைனார்பாளையம் போன்ற ஊரின் ரேஷன் கடையில் இக்கேள்வி மாதந்தோறும் எழக்கூடியது. களையெடுத்தும் கரும்பு வெட்டியும் தேய்ந்த விரல்களில் ரேகை மங்கிவிடுகிறது. கல்வராயன் மலைச் சிற்றூர்களில் இதனோடு சிக்னல் இல்லாமையும் சேர்ந்துகொள்ளும். கருவி ரேகையை ஏற்காதபோது, பழுது உண்மையில் கருவிக்கும் விரலுக்கும் இடையில் நிகழ்ந்தது. ஆனால் அரிசியின்றித் திரும்புவது ஒரு மூதாட்டி மட்டும் என்றால், அமைப்பு தன் பிழையை அவர் தலையில் ஏற்றிவிட்டது. ஆதார் வழக்கில் 2018 செப்டம்பர் 26 அன்று உச்ச நீதிமன்றத்தின் பெரும்பான்மைத் தீர்ப்பு, சரிபார்ப்பு தோற்றதற்காக உரியவர் எவருக்கும் பயன் மறுக்கப்படலாகாது, அடையாளத்தை வேறு வழியில் உறுதிசெய்துகொள்ளலாம் என்று தெளிவுபடுத்தியது. அந்த வேறு வழி, அதாவது கைப்பேசிக்கு வரும் கடவுஎண்ணோ, கண்விழிப் பதிவோ, இவை எல்லாம் தவறும்போது கையெழுத்துப் பதிவேடோ, கடைக்காரரின் இரக்கத்துக்கு விடப்படாமல், எந்தப் படி தவறினால் அடுத்து எந்தப் படி என்று கருவியின் நடைமுறைக்குள்ளேயே எழுதப்பட வேண்டும். கடையின் சுவரிலும் அது எல்லாரும் படிக்கும்படி இருக்க வேண்டும். தஞ்சையில் நெல்லின் அளவைப் பொறித்த அதே சுவரில்தான், பாடுபவர் இல்லாமற் போனால் என்ன செய்வது என்பதையும் பொறித்தார்கள்.